இஸ்திரி மாமாவின் பின்சீட்டு

என் அக்காவின் கணவருக்குக் கடைத்தெருவில் இஸ்திரி என்று பெயர். துணி தேய்ப்பவர் என்று நினைக்க வேண்டாம். கார்களுக்கு சீட் உறை தைத்து மாட்டுவதுதான் தொழில். அவர் மாட்டிய உறையில் ஒரு சுருக்கமோ மேடு பள்ளமோ இருக்காது, தேய்த்து மடித்து வைத்ததுபோல் இருக்கும் என்பதால் ஒட்டிக்கொண்ட பெயர். தெருவுக்குப் புதிதாகக் குடிவந்தவர்கள் பெயரை மட்டும் கேட்டுவிட்டுத் துணி மூட்டையோடு கடைவாசலில் வந்து நிற்பதுண்டு. மாமா கோபப்பட மாட்டார். கார் வாங்கியதும் வாருங்கள், இரண்டையும் சேர்த்துத் தேய்த்துத் தருகிறேன் என்பார்.

மாமாவுக்குக் கார் ஓட்டத் தெரியாது. வெளியிலிருந்து பார்த்தால் எந்தக் கார் யாருடையது என்றும் தெரியாது. கதவைத் திறந்து காட்டினால் போதும். ஓரத்தையலை ஒருமுறை தடவிவிட்டு, "மருந்துக்கடைக்காரர் வண்டி. பர்ஸை எடுக்காம அப்படியே உக்கார்றார் மனுஷன், ஒரு பக்கம் அமுங்கிடுச்சு பாரு" என்று சொல்லிவிடுவார்.

பஸ் பட்டறையில் கிழிந்த சீட்டுகளுக்கு ஒட்டுப் போட்டுக்கொண்டிருந்தவர், அக்காவைக் கட்டிய வருஷம் தனிக்கடை போட்டார். நான் கிராமத்திலிருந்து கல்லூரிக்கு வந்தபோது கடைக்கு மேலே இருந்த அவர்கள் வீட்டில்தான் தங்கினேன். கீழே தையல் மிஷின் ஓடினால் மேலே தரை அதிரும், கையிலிருக்கும் புத்தகத்தில் எழுத்து நடுங்கும். அப்படிப் படித்துத்தான் எங்கள் வம்சத்தில் முதல் ஆளாகப் பட்டம் வாங்கினேன். அதைச் சொல்லிக்கொள்ள எனக்குக் கூச்சமில்லை. மாமாவுக்கு அதைவிடவும் இல்லை. பட்டத்தை நகலெடுத்துச் சட்டம் போட்டுக் கடையில் மாட்டி, ரெக்ஸின் பார்க்க வந்தவர்களை எல்லாம் அதைப் பார்க்க வைத்தார். அன்றிலிருந்து நான் அவருக்கு 'டிகிரி'. இன்றைக்கு ஒரு வாகன இன்சூரன்ஸ் கம்பெனியில் சர்வேயராக இருக்கிறேன். மோதி நொறுங்கிய வண்டிகளைப் பார்த்து, எது ஏன் உடைந்தது என்று எழுதிக் கொடுப்பது என் வேலை.

மாமாவின் பெயருக்குப் பின்னால் ஒரு கைவேலை இருந்தது. பின்சீட்டில் மெத்தைக்கும் சாய்மானத்துக்கும் இடையிலிருந்து பெல்ட் மாட்டும் பக்கிள்கள் தலைநீட்டிக்கொண்டிருக்கும். உட்கார்ந்தால் இடுப்பில் குத்துகிறது என்று வருகிறவர்கள் எல்லோரும் குறைப்படுவார்கள். அதனால் உறைக்காரர்கள் அவற்றை உள்ளே அமுக்கிவிட்டு மேலே உறையை இழுத்து மூடிவிடுவது வழக்கம். மற்றவர்கள் மூடினால் அந்த இடம் புடைத்துக்கொண்டு நிற்கும். மாமா அடிப்பஞ்சைக் குடைந்து பள்ளம் செய்து, பக்கிள்களை அதில் படுக்க வைத்து, மேலே தைத்துப் பூட்டுவார். கையால் தடவினாலும் தட்டுப்படாது. கார்க்காரர்கள் தடவிப் பார்த்துவிட்டு, இஸ்திரி இஸ்திரிதான் என்பார்கள்.

அது தப்பு என்று நான் பலமுறை சொல்லியிருக்கிறேன். ஒருமுறை கடையில் நாலு பேர் இருக்கும்போதே சொன்னேன். "பின்னாடி உக்கார்றவன் தூங்கறதுக்கு உக்கார்றான் டிகிரி. அவனை எதுக்குக் கட்டிப்போடணும், அவன் என்ன திருடனா?" என்றார். நாலு பேரும் சிரித்தார்கள்.

மாமாவின் மகளைப் பக்கத்து நகரத்தில் கொடுத்திருந்தது. கல்யாணத்தின்போது மாப்பிள்ளையின் காருக்கு மாமா தைத்துக் கொடுத்த உறைதான் அவர் வேலையிலேயே உச்சம். பழுப்பு உறையில் அடர் சிவப்பு நூலால் இரட்டைத் தையல். மகள், மாப்பிள்ளை, நாலு வயதுப் பேத்தி, சம்பந்தியம்மா எல்லோரும் விடுமுறைக்கு வந்திருந்தார்கள். அவர்கள் ஊர் திரும்பும் நாளில்தான் மாமாவுக்கு ஒரு வேலை வந்து சேர்ந்தது.

மரக்கடை முதலாளி ஒருவரின் கார், நின்றுகொண்டிருந்த லாரியின் பின்னால் மோதியிருந்தது. நெடுஞ்சாலைக் காவல் நிலையத்தின் பின்புறம் கிடந்த அந்த வண்டியைப் பார்க்க என்னை அனுப்பியிருந்தார்கள். அதே மாடலில் வேறு வண்டி வாங்கப்போவதால் உறைகளைக் கழற்றி வைக்கும்படி முதலாளியின் வீட்டிலிருந்து மாமாவிடம் சொல்லியிருந்தார்கள். மாமா மாட்டி முழுசாக ஒரு மாதம்கூட ஆகவில்லையாம். வண்டியில் இருந்த ஒருவர் இறந்துவிட்டார் என்பது மட்டும் மாமாவுக்குத் தெரியும். என்னோடு பைக்கில் ஏறிக்கொண்டார். வழியனுப்ப இருக்க முடியாதே என்று மகளிடம் வருத்தப்பட்டதற்கு, அந்த ஸ்டேஷன் வழியாகத்தானே போகிறோம், ஹார்ன் அடிக்கச் சொல்கிறேன், கையாட்டுங்கள் என்றாள் அவள்.

வண்டியின் மூக்குதான் நசுங்கியிருந்தது. முன் இரண்டு சீட்டும் அவற்றின் இடத்தில் இருந்தன. முதலாளி ஓட்டிக்கொண்டிருக்கையில் போன் வந்திருக்கிறது. எடுத்து யாரென்று பார்க்கக் குனிந்திருக்கிறார். நிமிர்ந்தபோது லாரி. அவரும் மனைவியும் பெல்ட் போட்டிருந்ததால் சிராய்ப்போடு இறங்கி நடந்தார்கள். பின்னால் இருந்த அவருடைய அண்ணன்தான் போய்விட்டார். நான் எழுத வேண்டியதை எழுதிக்கொண்டிருந்தபோது, மாமா டிரைவர் சீட்டின் முதுகுப்புறத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். உள்ளே இருந்த இரும்புச் சட்டம் வளைந்து நடுவில் ஒரு குழி விழுந்திருந்தது. மேலே அவர் தைத்த தையலில் ஒரு நூல்கூடப் பிரியவில்லை.

"இது எப்படி ஆச்சு?"

"பின்னாடி இருந்தவர் மோதினது மாமா. வண்டி நின்னுடுச்சு. அவர் நிக்கல."

மாமா பின்கதவுக்குப் போனார். பையிலிருந்து தையல் பிரிக்கும் வளைந்த கத்தியை எடுத்து, ஓரத்தை அறுத்து, மெத்தையைத் தூக்கினார். குடைந்த பள்ளத்தில் பக்கிள்கள் படுக்க வைத்தபடியே படுத்திருந்தன. வண்டியெல்லாம் கண்ணாடித் தூளாகக் கிடக்க, அவை மட்டும் கடையிலிருந்து அப்போதுதான் வந்தவைபோலப் பளபளவென்று இருந்தன. ஒன்றின் மேல் கம்பெனியில் சுற்றிய பிளாஸ்டிக்கே இன்னும் கழற்றப்படவில்லை. மாமா அதை எடுத்து அதன் சிவப்புப் பொத்தானை அழுத்தினார். நன்றாக அமுங்கி எழும்பியது. திரும்பத் திரும்ப அழுத்திக்கொண்டே இருந்தார்.

"தேடியிருப்பாரா டிகிரி?"

"பின்னாடி யாரும் போடறதில்ல மாமா. தேடியிருக்க மாட்டார்."

"தேடியிருந்தா?"

மாமா பதிலுக்குக் காத்திருக்கவில்லை. பக்கிளைக் கீழே வைக்கும்போதே அவர் முகம் மாறிவிட்டது. சட்டைப்பையில் போனைத் தேடினார், கால்சட்டையில் தேடினார், கையிலேயே இருந்தது. அக்காவைக் கூப்பிட்டார். அவர்கள் கிளம்பிக் கொஞ்ச நேரமாகிறது, சம்பந்தியம்மாவை முன்னால் உட்கார வைத்துவிட்டு நம் பெண்ணும் குழந்தையும் பின்னால் ஏறிக்கொண்டார்கள் என்றாள் அக்கா. அடுத்து மகளைக் கூப்பிட்டார். ஸ்பீக்கரில் போட்டிருந்ததால் எனக்கும் கேட்டது. எடுத்தது பேத்தி.

"குட்டி, தாத்தா பேசறேன். அம்மாகிட்ட போனைக் குடு."

"அம்மா தூங்கறா."

"எழுப்பு தங்கம்."

"எழுப்பினா போனைப் பிடுங்கிடுவா. நான் பொம்மைப் படம் பாக்கறேன்."

"சரி, நீ உக்காந்திருக்கியா?"

"இல்ல. நடுவுல நிக்கறேன். அப்பா ஓட்டறதும் தெரியுது, படமும் தெரியுது."

மாமா ஏதோ சொல்ல வாயெடுப்பதற்குள் குட்டி போனில் சிவப்புப் பொத்தானை அமுக்கிவிட்டாள். மறுபடி கூப்பிட்டார். மணி ஒலிக்க ஒலிக்க அணைத்தாள். படம் தடைப்படுகிற எரிச்சல் அவளுக்கு. சம்பந்தியம்மாவின் போனுக்குக் கூப்பிட்டுப் பயனில்லை. சார்ஜ் வீணாகிவிடும் என்று அதை அணைத்துப் பெட்டிக்குள் வைத்திருப்பவர் அவர். நான் மாப்பிள்ளையின் எண்ணை எடுத்தேன். மாமா என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

"வேணாம். எடுத்துடுவான்."

"எடுத்தாத்தானே மாமா சொல்ல முடியும்?"

"ஓட்டிட்டே எடுத்துடுவான்டா. குட்டி நடுவுல நிக்குது." லாரியில் மோதிய வண்டியைக் கத்திமுனையால் காட்டினார். "இவரும் எடுக்கத்தானே குனிஞ்சார்?"

பைக்கில் எதிரே போய்விடலாமா என்றார். அவரே வேண்டாம் என்றார், நடுவில் தடுப்புச்சுவர் இருக்கிறது, ஒருவரை ஒருவர் தாண்டிப் போய்விடுவோம். சரி, இங்கேயே நிற்போம் என்றார். நிற்கவும் முடியவில்லை. வண்டிக்கும் வாசலுக்குமாக நடந்தார். வாசலிலிருந்து சாலைக்குப் போனார். ஒவ்வொரு கார் வரும்போதும் ஒரு அடி முன்னால் வைத்தார். நல்லவேளை, நிலையத்தின் முன்னால் இரும்புத் தடுப்புகளை மாற்றி மாற்றி வைத்திருந்ததால் வண்டிகள் அங்கே வேகம் குறைத்து வளைந்துதான் போக வேண்டும். வேலைக்குப் போட்டிருந்த ஒளிரும் மேல்சட்டையைக் கழற்றி அவருக்கு மாட்டி, தடுப்புக்கு இந்தப் பக்கம் இழுத்து நிறுத்தினேன். மகள் குடும்பத்தைக் காப்பாற்றப் போய் இவர் அடிபட்டால் அக்காவுக்கு யார் பதில் சொல்வது? சர்வே எழுதுவது வேறு நான்தான்.

"எந்தக் கார் டிகிரி அது? வெளிய என்ன கலர்?" என்று திடீரென்று கேட்டார். சொந்த மாப்பிள்ளையின் காருக்கு உள்ளே ஓடும் நூலின் நிறம்தான் அவருக்குத் தெரியும்.

நான் பார்த்துச் சொல்கிறேன் என்றேன். வெயிலில் தார்ச்சாலை பளபளத்தது. லாரிகள், ஒரு பால் வண்டி, மறுபடி லாரிகள். வீட்டிலிருந்து இங்கே வர இவ்வளவு நேரம் ஆகாதே என்று முனகிக்கொண்டே இருந்தார். பிறகு ஹார்ன் சத்தம் கேட்டது. விட்டு விட்டு, விளையாட்டாக. மகள் கிளம்பும்போதே அடிக்கச் சொல்லி வைத்திருக்கிறாள். நான் இரண்டு கைகளையும் தூக்கினேன். கார் தடுப்புகளுக்கு இடையே ஊர்ந்து வந்து ஓரமாக நின்றது.

மாப்பிள்ளை கண்ணாடியை இறக்கினார். ஆனால் மாமா பின்கதவை ஏற்கெனவே திறந்துவிட்டார். கையில் கத்தி. மகள் திடுக்கிட்டு விழித்துக் குழந்தையை இழுத்துக் கட்டிக்கொண்டாள்.

"சம்பந்தி, வழியனுப்ப வந்தா கத்தியோடவா வருவாங்க?" என்றார் சம்பந்தியம்மா.

"இறங்கும்மா. குழந்தையைத் தூக்கிட்டு இறங்கு" என்றார் மாமா. அவர்கள் இறங்கியதும் சிவப்பு இரட்டைத் தையலில் கத்தியைக் கொடுத்து ஒரே இழுப்பாக இழுத்தார். மாப்பிள்ளை வாய்விட்டு ஐயோ என்றார். மாமா பள்ளத்தில் கையை விட்டுப் பக்கிள்களை ஒவ்வொன்றாக மேலே இழுத்து வெளியே வைத்தார். மகளை உட்கார வைத்துத் தன் கையால் பெல்ட்டை மாட்டினார். பிறகு குட்டியை உட்கார வைத்து மாட்டினார். பெல்ட் குழந்தையின் தோளைத் தாண்டிக் கழுத்தில் போய் அழுத்தியது.

மாமா என்னைத் திரும்பிப் பார்த்தார். இந்த உயரத்துக்குத் தனிக் குழந்தை இருக்கை வேண்டும், அதுவும் பின்சீட்டில் பெல்ட்டோடு கட்டி வைக்க வேண்டும் என்றேன்.

அது இவர்களிடம் இல்லை. மாப்பிள்ளை பொறுமையாகத்தான் பேசினார். மாமா சொல்வது சரி, ஊருக்குப் போனதும் வாங்கிவிடுகிறேன், இன்றைக்கு மட்டும் மடியில் உட்காரட்டும், அம்மாவுக்கு இருட்டுவதற்குள் வீட்டுக்குப் போக வேண்டும் என்றார். இவ்வளவு நாள் அப்படித்தானே போய்வந்தோம், ஒன்றும் ஆகவில்லையே என்றும் சொன்னார். சம்பந்தியம்மா ஆமாம் போட்டார். மகள் யார் பக்கம் பேசுவது என்று தெரியாமல் அறுபட்ட தையலைக் கையால் மூடிக்கொண்டிருந்தாள்.

மாமா வாதாடவில்லை. மாப்பிள்ளையின் கையைப் பிடித்துக் காவல் நிலையத்தின் பின்புறம் அழைத்துப் போனார். நானும் பின்னால் போனேன். மரக்கடைக்காரரின் வண்டிக் கதவைத் திறந்து, முன்சீட்டு முதுகில் விழுந்த குழியையும், தூக்கி வைத்த மெத்தைக்கு அடியில் கிடந்த பக்கிள்களையும் காட்டினார்.

"இதையும் நான்தான் தெச்சேன் மாப்பிள்ளை. இதே மாதிரி."

மாப்பிள்ளை அந்தக் குழியில் கையை வைத்துப் பார்த்துவிட்டு எடுத்துக்கொண்டார். திரும்பி வந்து வண்டியை எங்கள் ஊர்ப்பக்கமாக மெதுவாகத் திருப்பினார். குழந்தையை என்ன செய்வது என்று பார்த்து, மகள் அவளோடு இறங்கிக்கொண்டாள். குழந்தை இருக்கை வாங்கிக்கொண்டு வண்டி திரும்பி வரும்வரை காவல் நிலைய பெஞ்சில் அவர்கள் உட்கார்ந்திருந்தார்கள். சம்பந்தியம்மா மாமாவோடு மறுநாள்தான் பேசினார், அதுவும் போனில். அணைத்து வைத்திருந்த போனை ஆன் செய்தது அதற்காகத்தானாம்.

அதோடு மாமா பழைய நிலைக்கு வந்துவிடுவார் என்று நினைத்தோம். வரவில்லை. தைக்க உட்கார்ந்தால் பாதியில் எழுந்து வாசலுக்கு வந்து போகிற வண்டிகளைப் பார்க்கிறார். கடைமுன் அட்டை எழுதி வைத்திருக்கிறார், இங்கே தைத்த உறைகளில் பக்கிளை வெளியே எடுத்துத் தரப்படும், காசு வேண்டாம் என்று. வந்தவர்கள் கொஞ்சம் பேர். சிலர் மேடாகத் தெரிகிறதே என்று முகம் சுளித்துவிட்டுப் போனார்கள். புது வேலைக்கு வருகிறவர்களிடம் பக்கிள் வெளியேதான் இருக்கும் என்கிறார். வேறு கடைக்குப் போகிறார்கள். இஸ்திரி கசங்கிப்போச்சு என்று தெருவில் பேச்சு. பட்டத்துக்குப் பக்கத்தில் அந்தப் பிளாஸ்டிக் சுற்றிய பக்கிளை நான் சர்வேக்காக எடுத்த படத்தைப் பெரிதாக்கி மாட்டியிருக்கிறார்.

என்னோடு பைக்கில் வந்தால் சிக்னலில் சும்மா உட்காரமாட்டார். பக்கத்துக் கார்களுக்குள் எட்டி எட்டிப் பார்ப்பார். போன வாரம் அப்படித்தான் ஒரு வெள்ளைக் காரின் ஓரத்தையலைப் பார்த்துவிட்டுப் பின்கண்ணாடியைத் தட்டினார். உள்ளே மடியில் குழந்தையோடு ஒரு பெண். பயந்துகொண்டே கண்ணாடியைப் பாதி இறக்கினாள்.

"அம்மா, இது நான் தெச்ச சீட்டு. பெல்ட் மாட்ற பக்கிளை அடியில வச்சுத் தெச்சுட்டேன். ஓரமா நிறுத்துங்க, ரெண்டு நிமிஷத்துல எடுத்துக் குடுத்துடறேன்."

விளக்கு பச்சையாகிவிட்டது. ஓட்டியவர் திரும்பிக்கூடப் பார்க்காமல் வண்டியை எடுத்தார்.

"பின்னாலயே போ டிகிரி."

போனேன்.

"வேகம் வேணாம்" என்றார். கொஞ்ச தூரம் போனதும், "விட்டுடாத" என்றார். முன்னால் போன காரின் பின்கண்ணாடியில் அந்தப் பெண் தெரிந்தாள். குழந்தையை ஒரு கையில் அணைத்தபடி, பாதி திரும்பி, இன்னொரு கையால் கீழே மெத்தையோரத்தில் துழாவுவது தோளின் அசைவில் தெரிந்தது.

"தேடறாங்க டிகிரி" என்றார் மாமா. "கிடைக்காது. அவ்வளவு நல்லா வச்சிருக்கேன்."

அடுத்த சிக்னல் சிவப்பாக இருந்தது. நான் காலை ஊன்றுவதற்குள் அவர் இறங்கிவிட்டார்.