பிரெட் புட்டிங்கில் விழாத பல்லி

போன ஞாயிற்றுக்கிழமை என் மகள் கைபேசியை உப்பு ஜாடியின்மேல் சாய்த்து வைத்து, அதில் ஒரு பெண் சொல்லச் சொல்ல பிரெட் புட்டிங் செய்துகொண்டிருந்தாள். பழைய ரொட்டி, பால், முட்டை, சர்க்கரை, காய்ந்த திராட்சை, கொஞ்சம் பட்டைத் தூள். அதுவரை நான் செய்தித்தாளிலிருந்து தலையைத் தூக்கவில்லை. பிறகு அவள் மாப்பிள்ளையின் விஸ்கி பாட்டிலை எடுத்து, ரசத்துக்குப் புளி கரைத்து ஊற்றுகிற அலட்சியத்தோடு, வெண்ணெயும் சர்க்கரையும் உருகிக்கொண்டிருந்த சட்டியில் ஊற்றினாள். அந்த வாசனை கூடத்துக்கு வந்து சேர்ந்தபோது நான் வாசல் கதவைத் தாழிட்டு, தெருப்பக்கத்து சன்னல்களையும் சாத்திக்கொண்டிருந்தேன். எப்போது எழுந்தேன் என்று எனக்கே தெரியாது.

“எதுக்குப்பா எல்லாத்தையும் சாத்தறே? வேர்க்குது.”

“யாராவது வந்துடப் போறாங்கம்மா.”

“யாரு?”

யார் என்று சொல்லி முடிக்கக் கொஞ்ச நேரம் ஆகும். அவளுக்கு அவ்வளவு பொறுமை கிடையாது. உங்களுக்கு இருக்கும் என்று நம்பி ஆரம்பிக்கிறேன்.

வேலூரில் ஆங்கில இலக்கியம் படித்து முடித்தவனுக்கு அப்போது இரண்டே வழிகள் இருந்தன. ஒன்று, டுடோரியல் காலேஜில் ஆங்கிலம் சொல்லிக்கொடுப்பது. இன்னொன்று, ஆம்பூரில் ஏதாவது ஷூ கம்பெனியில் வெளிநாட்டுக்காரர்களுக்குக் கடிதம் எழுதுவது. எனக்குப் பிள்ளைகளைக் கண்டால் பயம் என்பதால் ஷூவைத் தேர்ந்தெடுத்தேன். ஷூவில் வேறு வகை பயங்கள் இருக்கின்றன என்று யாரும் சொல்லவில்லை. சாம்பிள் டிபார்ட்மெண்டில் மேஜை போட்டுக் கொடுத்தார்கள். கூடவே, ஆங்கிலம் தெரிந்தவன் என்ற பாவத்துக்காக, கம்பெனி கெஸ்ட் ஹவுஸையும் என் தலையில் கட்டினார்கள்.

முதலாளியை ஊரே பெரிய சாப் என்றுதான் சொல்லும். வெள்ளை ஜிப்பா, வெள்ளைத் தாடி, ஹஜ்ஜுக்குப் போய் வந்தவர். ஒரு தோலைக் கண்ணை மூடிக்கொண்டு இரண்டு விரலால் தடவி, இது ஆடா செம்மறியா, எந்தப் பக்கத்துச் சந்தையில் வாங்கியது என்று சொல்லிவிடுவார். அதே விரல்களால் என் கன்னத்தைத் தட்டி, “இன்னாபா, சாப்ட்டியா?” என்று கேட்பார். அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதே இல்லை. அதனால்தான் அவ்வளவு பயம். கத்துகிற மனிதரிடம், எதுவரை கத்துவார் என்று ஒரு கணக்காவது கிடைக்கும்.

கெஸ்ட் ஹவுஸில் ஒரே ஒரு சட்டம். உள்ளே மது வரக்கூடாது. ஷூ வாங்க வருகிற வெளிநாட்டுப் பையராக இருந்தாலும் சரி, பையரின் அப்பனாக இருந்தாலும் சரி.

இந்த இடத்தில்தான் வில்சன் வருகிறார். இங்கிலாந்துக்காரர், குளிர்கால பூட்ஸ் ஆர்டர் அவர் கையில். வந்த நாளிலிருந்து காலை தவிர எல்லா வேளையும் பிரியாணி சாப்பிட்டு, கன்னம் உப்பிக் கண்களே தெரியாத நிலைக்கு வந்திருந்தார். சனிக்கிழமை மத்தியானம் பிரியாணியோடு வந்த பிரெட் அல்வாவைப் பார்த்ததும் மனுஷனுக்குக் கண் கலங்கிவிட்டது. ஞாயிற்றுக்கிழமைகளில் அவருடைய அம்மா பிரெட் புட்டிங் செய்வாராம். மேலே சூடாக விஸ்கி சாஸ் ஊற்றித் தருவாராம். அம்மா போய் அது இரண்டாவது வருஷமாம்.

எங்கள் மேனேஜர் பையர்களின் கண்ணீரை வீணாக்காதவர். என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

“நாளைக்கு ஞாயித்துக்கெழம. அந்தப் புட்டிங்க பண்ணிடு.”

“சார், அதுல விஸ்கி…”

“நான் ஒன்னும் கேக்கல. நீ ஒன்னும் சொல்லல. திங்கக்கெழம அவரு கையெழுத்துப் போடணும்.”

புட்டிங் எனக்குத் தெரியும் என்று அவர் நம்பினார். தவறு என்னுடையதுதான். ஆங்கில நாவல்களில் நான் சாப்பிடாத புட்டிங் இல்லை. பக்கம் பக்கமாகச் சாப்பிட்டிருக்கிறேன்.

விஸ்கி வாங்க ஆம்பூரில் முடியாது. ஒயின்ஷாப் வாசலில் நான் செருப்பைத் தேய்த்தாலே சாயங்காலத்துக்குள் பெரிய சாப் காதுக்குப் போய்விடும். வேலூருக்குப் போய், லாங் பஜார் கூட்டத்தில் முகத்தைத் துடைப்பதுபோல் மறைத்துக்கொண்டு நடந்து, பக்கத்துச் சந்தில் ஒரு கால் பாட்டில் வாங்கினேன். அதைக் கொண்டுவர ஒரு யோசனை வைத்திருந்தேன். வெளிநாட்டுக்கு அனுப்புகிற சாம்பிள் ஷூ எப்போதும் ஒற்றைக் காலாகத்தான் இருக்கும். ஜோடியாக இருந்தால் யாராவது போட்டுக்கொண்டு போய்விடுவார்கள் அல்லவா? ஆகவே சாம்பிள் பெட்டியில் எப்போதும் பாதி இடம் காலி. வலது கால் ஒன்று, அதன் பக்கத்தில் விஸ்கி ஒன்று. பஸ்ஸில் ஒவ்வொரு வேகத்தடையிலும் அது களக் என்றது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெரியவர் பெட்டியையே பார்த்தார்.

“ஷூதான்,” என்றேன் கேட்காமலே.

“தண்ணி ஷூவா?” என்றார்.

பள்ளிகொண்டா வருவதற்குள் எனக்கு ஜுரம் வந்துவிட்டது. கெஸ்ட் ஹவுஸ் வாட்ச்மேன் வேறு பெட்டியை வாங்கித் தூக்கிப் பார்த்தார். “இன்னா சார், ஒத்தக் காலே இவ்ளோ கனமா கீது?” சோல் கனம் என்றேன். குளிர் நாடு என்றேன். பனியில் வழுக்காமல் இருக்க என்றேன். கேட்காத கேள்விகளுக்கெல்லாம் பதில் சொன்னேன்.

கெஸ்ட் ஹவுஸ் சமையல்காரர் காதர் பாயிடம் உண்மையைச் சொல்லிவிட்டேன். அவர் கரண்டியைக் கீழே வைத்தார்.

“புட்டிங்கு நான் பண்றேன் சார். பால், முட்டை, ரொட்டி, அதுல இன்னா கீது? அந்தச் சனியன மட்டும் என் கிச்சனுக்குள்ள கொண்டாராத. என் சட்டியும் கெடயாது, என் அடுப்பும் கெடயாது, என் தீப்பெட்டியும் கெடயாது.”

ஓவன் இல்லாத கவலையே அவருக்கு இல்லை. ரொட்டியைப் பிய்த்து, பாலும் முட்டையும் சர்க்கரையும் அடித்து ஊற்றி, ஊறவிட்டு, அந்தத் தட்டைப் பெரிய தேக்சாப் பாத்திரத்துக்குள் இறக்கி, மூடிமேல் கங்கு போட்டு, பிரியாணிக்குப் போடுகிற அதே தம்மைப் போட்டுவிட்டு மத்தியான லுஹர் தொழுகைக்குப் பள்ளிவாசலுக்குக் கிளம்பினார். போகும்போது, “மூடியத் தொறந்து தொறந்து பாக்காத சார், அது இன்னா கொழந்தையா?” என்றார்.

நான் என் அறையிலிருந்து டீ போடுகிற சட்டியையும் மண்ணெண்ணெய் ஸ்டவ்வையும் எடுத்துக்கொண்டு ஜெனரேட்டர் ஷெட்டுக்குப் போனேன். வெண்ணெய், சர்க்கரை, கொஞ்சம் பால். இளகி வந்ததும் விஸ்கியை ஊற்றினேன். அடுப்பை விட்டு இறக்கிய பிறகு ஊற்ற வேண்டும் என்பதை எந்த நாவலும் எனக்குச் சொல்லவில்லை. சட்டிக்குள் நீலமாக ஒரு தீ எழுந்து நின்று என்னைப் பார்த்தது. டீசல் டின்களுக்கு நடுவே, விஸ்கி நெருப்போடு, ஹாஜியார் ஒருவரின் கெஸ்ட் ஹவுஸில் நான். செத்தால்கூட எப்படிச் செத்தேன் என்று வீட்டில் சொல்ல முடியாது. தட்டால் மூடினேன். அணைந்தது. புருவத்தில் பாதியும் போயிருந்தது.

இனி ஆபத்து இல்லை என்று நினைத்தேன். பெரிய சாப் ஞாயிற்றுக்கிழமை வீட்டில்தான் சாப்பிடுவார். வில்சன் தனியாகப் பிரியாணி சாப்பிடுவார், கடைசியில் சாஸை நானே சொட்டு சிந்தாமல் ஊற்றுவேன். வெந்திருந்த புட்டிங்கைச் சாப்பாட்டு அறை மேஜையில் வைத்து, சாஸ் சட்டியைச் சன்னலோரம் வைத்துவிட்டு, வில்சனைக் கூப்பிட மாடிக்குப் போனேன்.

இறங்கி வரும்போது வாசலில் அம்பாசிடர் நின்றது.

“விருந்தாளி ஒண்டியா சாப்புடறதாவது?” என்று சொல்லிக்கொண்டே பெரிய சாப் கையைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். வீட்டிலிருந்து பிரியாணி அண்டாவும், பரிமாறுகிற மஸ்தானும் வந்திருந்தார்கள். மஸ்தான் கைதேர்ந்த ஆள். ரொட்டி இனிப்பு ஒன்று மேஜைமேல் இருக்கிறது, பக்கத்தில் பாகு இருக்கிறது. எது எதன்மேல் போக வேண்டும் என்று அவருக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. முழுச் சட்டியையும் கவிழ்த்துவிட்டு, தட்டை நடுவில் நகர்த்திக்கொண்டிருந்தார்.

நாவல்களில் புட்டிங் கடைசியில் வரும். பெரிய சாப் வீட்டு விருந்தில் இனிப்பு முதலில் வரும். அந்த வீட்டுப் பந்திகளில் எத்தனையோ முறை உட்கார்ந்திருக்கிறேன். எல்லாம் தெரியும். ஆனால் புட்டிங் என்றதும் என் மூளை கப்பலேறி இங்கிலாந்துக்குப் போய்விட்டது.

பெரிய சாப் “பிஸ்மில்லா” என்று சொல்லி ஒரு துண்டைப் பிட்டார். முதல் வாய் விருந்தாளிக்கு, அதுவும் தன் கையால். வில்சனுக்கு அதற்குள் பழகியிருந்தது. வாயைத் திறந்தார். மென்றார். கண்களை மூடினார். மூடிய கண்ணிலிருந்து நீர் வந்தது. அடுத்த துண்டைப் பெரிய சாப் தனக்காகப் பிட்டார். சாஸ் அவர் விரல் வழியாக இறங்கியது. கை தாடிவரை போய்விட்டது.

“சாப், வேணாம்!”

அந்தக் குரல் என்னுடையது என்று எனக்குச் சற்றுப் பிறகுதான் தெரிந்தது. கை நின்றது.

“இன்னாபா?”

விஸ்கி என்று சொன்னால் காதர் பாய் வேலை போகும், என் வேலை போகும், அழுதுகொண்டிருந்த வில்சனும் அவமானப்படுவார். சொல்லாவிட்டால், எழுபது வயதுவரை ஒரு சொட்டுப் படாத அந்த வாய்க்குள் என்னுடைய சட்டியிலிருந்து அது போகும். வேறு ஒன்றும் தோன்றவில்லை.

“பல்லி… பல்லி விழுந்துடுச்சு சாப்.”

மஸ்தான் “யா அல்லா” என்று தலையில் கை வைத்தார். பெரிய சாப் துள்ளி எழுந்தார். அவருக்குத் தன் வாயைப் பற்றிய நினைப்பே இல்லை. விருந்தாளியின் வாய்தான் நினைவில் இருந்தது. “லிசர்ட்! லிசர்ட்!” என்று வில்சனிடம் பிட்ட துண்டைக் காட்டினார். வில்சன் முகம் தோல் பதனிடுகிற குரோம் தொட்டியிலிருந்து அப்போதுதான் எடுத்த தோலின் வெளிர்நீலத்துக்குப் போனது.

“மஸ்தான், வண்டியத் திருப்பச் சொல்லு! வேலூருக்குப் போலாம். வயித்தக் கழுவணும்!”

வில்சனின் வயிற்றைக் கழுவினால் என்ன வரும் என்று நினைத்துப் பார்த்தேன். ஒரு பயத்தை மறைக்கப் போட்ட பயம் அதைவிடப் பெரியதாக வளர்ந்து நின்றது. பெரிய சாப் காதருகே குனிந்தேன்.

“பல்லி இல்ல சாப். விஸ்கி.”

அவர் என்னைப் பார்க்கவில்லை. தன் விரல்களைப் பார்த்தார்.

“எந்தச் சட்டில காச்சின?”

“என் ரூமு சட்டி சாப். ஜெனரேட்டர் ஷெட்ல.”

“காதரு?”

“தொடல சாப். தீப்பெட்டிகூடக் குடுக்கல.”

எழுந்து போய்க் குழாயடியில் வெகுநேரம் கை கழுவினார். அந்தத் தண்ணீர்ச் சத்தம் முடியவே கூடாது என்று இருந்தது எனக்கு. திரும்பி வந்தவர் வில்சனின் தோளைத் தொட்டு, “நோ லிசர்ட். திஸ் பாய், ஐ வீக்,” என்று என் கண்ணைக் காட்டினார். தட்டை முழுதாக அவர் முன்னால் தள்ளினார். “மதர் ஸ்வீட். ஈட்.” பிறகு நாற்காலியைச் சற்றுத் தள்ளிப் போட்டுக்கொண்டு, மஸ்தானிடம் தனக்குப் பிரியாணி போடச் சொன்னார். என்னிடம் தாழ்ந்த குரலில் ஒன்றே ஒன்று சொன்னார்.

“வாய்கிட்ட வர்றதுக்கு முன்னாடியே சொல்லுபா. என் உசுரு போய்ட்டு வந்துச்சு.”

திங்கட்கிழமை கையெழுத்து ஆனது. “நான் ஒன்னும் கேக்கல,” என்றார் மேனேஜர். நானோ இன்டர்காம் மணி அடித்தாலே எழுந்து நின்றுவிடுவேன். ஒரு மாதம் ராஜினாமாக் கடிதத்தைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு திரிந்தேன். பெரிய சாப் கூப்பிடவே இல்லை.

கூப்பிட்டது வாணியம்பாடியில் ஒரு கல்யாணப் பந்தியில். பெரிய சாப் இனிப்பை எடுத்தார், வாய்வரை கொண்டுபோனார், நிறுத்தினார். கூட்டத்துக்கு நடுவில் என்னைத் தேடிப் பிடித்து, புருவத்தைத் தூக்கினார். அவரைச் சுற்றி இருந்தவர்களும் திரும்பினார்கள். நான் தலையசைத்த பிறகுதான் அவர் சாப்பிட்டார். முகத்தில் சிரிப்பே இல்லை. கண்ணில் மட்டும் ஏதோ இருந்தது.

அன்றிலிருந்து எந்த விருந்திலும் இதுதான். முதலில் விளையாட்டு என்று நினைத்தேன். பிறகு அப்படி நினைக்கத் தைரியம் வரவில்லை. ஒருவேளை விளையாட்டு இல்லையென்றால்? பந்திக்கு முன்னாலேயே போய் அண்டா அண்டாவாக மோந்து பார்ப்பேன். “இன்னா சார், ஹெல்த் இன்ஸ்பெக்டரா?” என்று சமையல்காரர்கள் பேஜாரானார்கள். ஒரு மனிதர் தன் வாயை என் பொறுப்பில் விட்டிருந்தார். வேலை போகும் என்ற பயத்தைவிட அது பெரிய பயமாக இருந்தது.

கடைசி நாட்களில் அவரைப் பார்க்கப் போனேன். உடம்பு கட்டிலோடு ஒட்டியிருந்தது. இருமல் மருந்தை ஒரு சின்ன மூடியில் ஊற்றி மகன் வாயருகே கொண்டுபோனார். பெரிய சாப் உதட்டை இறுக்கிக்கொண்டு என்னைப் பார்த்தார். நான் பாட்டிலை வாங்கி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, மருந்தில் என்னென்ன கலந்திருக்கிறது என்ற பொடி எழுத்துகளைப் படித்தேன். படித்துவிட்டுத் தலையசைக்கவில்லை.

“பல்லியா?” என்றார், காற்றைப் போன்ற குரலில்.

“கொஞ்சம் சாப்.”

டாக்டரிடம் சொல்லி வேறு மருந்து வாங்கி வந்தார்கள். அதையும் படித்தேன். அதற்குத் தலையசைத்தேன்.

கெஸ்ட் ஹவுஸ் இருந்த இடத்தில் இப்போது ஒரு கார் ஷோரூம் இருக்கிறது. பையர்கள் கம்ப்யூட்டர் திரையில் வந்து, ஷூவைத் திரையில் பார்த்துவிட்டு, திரையிலேயே போய்விடுகிறார்கள். யாருக்கும் யாரும் ஊட்டிவிடுவதில்லை. கல்யாணங்களுக்கு இன்னும் என்னை அழைக்கிறார்கள். போகிறேன். இனிப்பு முதலில்தான் வருகிறது. வரிசை முழுக்கக் கைகள் தட்டுக்குப் போகின்றன, வாய்க்குப் போகின்றன. நடுவில் ஒரு கையும் நிற்பதில்லை.