தோற்றுப்போகத் தெரிந்தவள்

ஓசூரில் எங்கள் வீட்டுப் பின்னறையில் ஒரு நேபாளத் தம்பதி குடியிருந்தார்கள். கணவர் பட்டு நூல் ஆலையில் காவலாளி. முதலில் பெங்களூரில் இருந்ததால் அந்த அக்கா பேசியது பாதி கன்னடம், பாதி தமிழ். அறுபதுகளின் கடைசி வருஷங்கள் அவை. நான் ஆஸ்பத்திரியில் நர்ஸாகச் சேர்ந்திருந்தேன்.

சாயங்காலம் ஜெபமாலை முடிந்ததும் அக்கா எங்களோடு வந்து உட்காருவாள். அவளுடைய ஊர்க் கதைகளுக்கு அப்பாதான் முதல் ரசிகர். ஒருநாள் தன் கதையையே சொன்னாள். அவள் பூசாரி வீட்டுப் பெண். அவள் கணவரோ தையல்காரச் சாதி. கல்யாணங்களில் வாத்தியம் வாசிக்கிறவர், வாசற்படி ஏறக் கூடாதவர். மலைச் சந்தையில் ஆணும் பெண்ணும் எதிர்ப்பாட்டுப் பாடுவார்களாம். பெண் தோற்றால் பாடினவனோடு போக வேண்டும் என்பது அங்கே ஒரு வழக்கமாம்.

"உனக்குப் பாட்டு வரலியாம்மா?" என்றார் அப்பா.

"பந்துச்சு... வந்துச்சு அண்ணா. நான்தான் பாடலை."

அப்பா விழுந்து விழுந்து சிரித்தார். அவள் உயிரோடிருக்கும்போதே அவளுடைய அப்பா கருமாதி செய்துவிட்டார் என்றதும், "என்ன மனுசன் அவரு" என்று கோபப்பட்டார்.

அந்தத் தைரியத்தில்தான் மறுவாரம் என் விஷயத்தைச் சொன்னேன். நான் விரும்பியவர் பக்கத்து ஊரான பேரிகைக்குப் போகும் பஸ்ஸில் கண்டக்டர்; வீடும் அங்கேதான். தெலுங்கு பேசும் விவசாயக் குடும்பம், இந்துக்கள்.

அப்பாவின் முகம் இறுகியது. "நம்ம மாதா கோயில்ல என்ன பேசுவாங்க?"

"அந்தக்கா கதைய அவ்ளோ ரசிச்சீங்களேப்பா."

"அது கதைம்மா."

"கதையாப்பா? பின்னாடி ரூம்ல குடியிருக்காங்க."

அதற்கப்புறம் அவர் என்னோடு பேசவில்லை. அம்மா வழியாகத்தான் சோறு கேட்டார், தண்ணீர் கேட்டார். இதைக் கேள்விப்பட்ட அக்கா ஒரு காலையில் நேராக அவர் முன்னால் வந்து நின்றாள்.

"அண்ணா, அன்னிக்கு சந்தோசமா இருக்கறத மட்டும் சொன்னேன். எங்கப்பாவ நெனச்சு அழுவறத சொல்லலை. எங்க வீட்டுக்காரரு நல்லவருதான். ஆனா அவரு எங்கப்பா ஆயிடுவாரா?"

அப்பா அந்த ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வெள்ளைச் சட்டையோடே பேரிகை பஸ் ஏறிவிட்டார். பொழுது சாயும் நேரத்தில் திரும்பி வந்து செருப்பைக் கழற்றினார்.

"அந்தப் பையனோட அம்மா தெலுங்குலயே திட்டுனாங்க. எனக்கு ஒண்ணும் புரியல, தலையாட்டிட்டு இருந்தேன். கடைசில மோர் குடுத்தாங்க."

என்னைப் பார்த்துத்தான் சொன்னார். நான் அழுதுவிட்டேன்.

அறுவடைக்குப் பின் எங்கள் திருமணம் பதிவாளர் அலுவலகத்தில் நடந்தது. மாப்பிள்ளை பக்கத்திலிருந்து அவருடைய அம்மாவும் மாமாவும் மட்டும் வந்தார்கள். எங்கள் வீட்டுச் சாப்பாட்டில் கை வைக்காமல், வாழைப்பழம் மட்டும் எடுத்துக்கொண்டு கிளம்பினார்கள். அப்பாவுக்கு அது வலித்திருக்கும். ஆனாலும் குடையை எடுத்துக்கொண்டு பஸ் ஸ்டாண்டு வரை கூடவே போய், அத்தைக்கு ஜன்னலோரமாக இடம் பிடித்துக் கொடுத்துவிட்டுத்தான் வந்தார்.