எங்கள் வீரன் விரட்டாத கொசு

செல்வி, முத்து, அப்பா செய்த தப்பை உங்களுக்காகத்தான் எழுதுகிறேன்.

வீட்டில் கொசுப்புழு இருக்கிறதா என்று பார்க்க வரும் அக்காவை நம் நாய் வீரன் வாசலிலேயே குரைத்து விரட்டுவான். "ராஜபாளையம் நாய்னா சும்மாவா?" என்று நான் சிரிப்பேன்.

முத்து, உனக்கு டெங்கு வந்து ஸ்ரீவில்லிபுத்தூர் ஆஸ்பத்திரியில் படுத்தபோது சிரிப்பு போய்விட்டது. நீ தேறியதும் வீரனைக் கட்டிப்போட்டு, அந்த அக்காவை நானே கூட்டி வந்தேன். வீரன் தண்ணீர் குடிக்கும் தொட்டியில் அவர் டார்ச் அடித்தார். புழுக்கள் நெளிந்தன.

"அண்ணாச்சி, ஒங்க வீரன் என்னைய மட்டுந்தான் வெரட்டுதான். அவன் தொட்டியில கொசு குடும்பமே நடத்துது! ஓரத்துல முட்டை ஒட்டியிருக்கும், வாரம் ஒருக்கா தேச்சுக் கழுவுங்க."

இப்போது வாரந்தோறும் தேய்க்கிறேன். முதல்முறை தேய்த்த அன்று நீங்கள் பள்ளிக்கூடம் போயிருந்தீர்கள். அப்போது வாசலில் தொங்கும் 'நாய் ஜாக்கிரதை' பலகையின் கீழே நானே எழுதினேன்: 'கொசுப்புழு பார்க்கும் அக்கா, குரல் கொடுங்கள். நாயைக் கட்டிவிடுகிறேன்.'