கையைத் தூக்கிய குமாஸ்தா

ஆர்வில் டட்டில் பயப்படுவதில் கடும் உழைப்பாளி. குதிரை தும்மினால் பயம். தும்மாமல் நின்றால் அதைவிடப் பயம். அப்படிப்பட்டவர் கௌபாய்ப் படங்களை விட்டால் வேறெங்கே பிழைப்பார்? கலிபோர்னியாவில் அந்த வருஷம் வாரத்துக்கு இரண்டு குட்டிப் படம் எடுத்துத் தள்ளினோம். எல்லாவற்றிலும் சுடப்படுகிற வங்கிக் குமாஸ்தா அவர்தான்.

நான் சொல்லும் படம் லெஸ்டர் பிங்க்னிக்கு முதல் படம். வயது இருபத்து மூன்று. போன வாரம் வரை எங்களோடு படுதா வரைந்தவர். டைரக்டர் ஆனதும் ஒரு விதி போட்டார். இது பேசாத படம். காமிரா ஓடும்போது யார் என்ன கத்தினாலும் நடிப்பு என்றே கொள்ளப்படும். நிஜமான ஆபத்தென்றால் கையைத் தூக்க வேண்டும்.

அன்றைய காட்சியில் கொள்ளையன் மிரட்ட, டட்டில் இரண்டு கையையும் தூக்கி நிற்க வேண்டும். அவருக்குப் பின்னால், சுவர்ப் பலகையில் காதோரமாக வைத்த மைப் புட்டிகளைக் காமிராவுக்குப் பின்னாலிருந்து எங்கள் குறிகாரர் ஹோபர்ட் ஸ்டைல்ஸ் நிஜக் குண்டால் உடைப்பார். போலிக் குண்டுக்குப் புட்டி உடையாதே! மூன்று புட்டி, மூன்று குண்டு.

முதல் குண்டுக்குப் புட்டி அசையவில்லை. டட்டிலின் காதிலிருந்து நாலு விரற்கடை தள்ளிப் பலகை பிளந்தது. அப்போதுதான் பார்த்தார்: ஸ்டைல்ஸின் மூக்கில் கண்ணாடி இல்லை. பத்திரிகைக்காரி ஒருத்தி வேடிக்கை பார்க்க வந்திருந்தாள். அவள் கண்ணுக்கு ஸ்டைல்ஸ் அழகாகத் தெரிய வேண்டுமாம்.

"நிறுத்துங்க! அந்தாளு கண்ணாடி போடல! என்னைக் கொன்னுடுவான்!"

"ஆகா! இன்னும் கொஞ்சம் கதறுங்க டட்டில்!" என்றார் பிங்க்னி, மெகாஃபோனில்.

"நடிப்பில்லய்யா, நிஜம்!"

"நிஜம்னா கையைத் தூக்குங்க!"

"தூக்கிக்கிட்டுத்தானேய்யா நிக்கிறேன்!"

"அது கதையிலயே இருக்கே!"

கையை இறக்கப் பார்த்தார். பக்கத்தில் கொள்ளையனாக நின்ற வெர்ன் கடமை தவறாதவன். துப்பாக்கியால் விலாவில் ஒரு குத்து விட்டு, "தூக்குய்யா, படம் ஓடுது" என்றான்.

ஸ்டைல்ஸ் கண்ணை இடுக்கிக் குறி பார்த்தார். டட்டிலின் முழங்கால்கள் யாரையும் கேட்காமல் மடங்கின. மேஜைக்கு அடியில் விழுந்தார். இரண்டாவது குண்டு வெடித்தது. அவர் நெற்றி இருந்த உயரத்தில், சுவரில் ஓர் ஓட்டை.

பிங்க்னிக்கு வாய் அடைத்துவிட்டது. 'கட்' சொல்லும்வரை கைப்பிடியைச் சுற்றுவது காமிராக்காரரின் வேதம். வெறும் சுவரை இருபது நொடி எடுத்தார். 'சாவைக் காட்டாத துணிச்சல்' என்று பத்திரிகைக்காரி பின்னால் எழுதினாள். பிங்க்னி பெரிய டைரக்டரானது அந்தச் சுவரால்தான். சுவரை அடித்த தச்சன் நான். என் பெயர் எங்கும் வரவில்லை.

இருபது நொடி கழித்து பிங்க்னி மெகாஃபோன் இல்லாமல் கேட்டார்: "டட்டில்... உயிரோட இருக்கீங்களா?"

மேஜைக்கு அடியிலிருந்து குரல் வந்தது. "அவன்கிட்ட குண்டு எத்தனை பாக்கி?"

"ஒண்ணு."

"அப்ப நான் செத்துட்டேன்."