தண்டை எறிந்துவிட்டு இலையைச் சமைத்த வருடம்

பிள்ளைகளே, ருபார்ப் என்ற செடியின் இலையை ஒருபோதும் வாயில் வைக்கக் கூடாது. இதை முதலில் எழுதிவிட்டுத்தான் மற்றதை எழுதுகிறேன். தண்டு நல்லது, இலை நஞ்சு. நான் பத்தாம் வகுப்பு வரை படித்தவன். எழுத்தில் பிழை கண்டால் பெரியவள் திருத்தட்டும். நடந்ததைத் திருத்த வேண்டாம். அதில் என் பிழைதான் முக்கியம்.

ஸ்காபரோவில் பதினான்காம் மாடியில் ஒன்பது வருடம் இருந்துவிட்டு, மில்லிக்கனில் இந்த வீட்டுக்கு வந்த முதல் வசந்தம் அது. பெரியவளுக்குப் பத்து வயது, சின்னவளுக்கு ஆறு. அதுவரைக்கும் எனக்கென்று இருந்த மண், பல்கனியில் இரண்டு வாளிக்குள் இருந்த மண்தான். இப்போது பின்வளவு முழுவதும் என்னுடையது. யன்னல் சட்டம் செய்யும் தொழிற்சாலையில் வேலை முடிந்ததும் நேரே வளவுக்குத்தான் போவேன். உடுப்புக்கூட மாற்றுவதில்லை என்று உங்கள் அம்மா ஏசுவாள்.

பனி கரைந்த கையோடு வேலி மூலையில் ஏதோ சிவப்பாகக் கிளம்பியது. முதலில் பொத்திப் பிடித்த கைகளைப் போல நின்றது. இரண்டு மூன்று கிழமைக்குள் ஒவ்வொரு இலையும் சுளகு அளவுக்கு விரிந்துவிட்டது. தண்டு நல்ல சிவப்பு. வீட்டை விற்றவர்கள் வைத்துவிட்டுப் போன செடி. என்ன செடி என்று கேட்க அவர்கள் இல்லை. இலையைப் பார்த்தேன், தண்டைப் பார்த்தேன், பீட்றூட்டின் சொந்தக்காரன் என்று முடிவு கட்டினேன். ஒரு சனிக்கிழமை காலை பத்து இலையை வெட்டிக்கொண்டு குசினிக்குள் போனேன்.

"உது என்ன இலையப்பா?" என்று அம்மா கேட்டாள்.

"பீட்றூட் வகை. கீரைதான்."

"வடிவாத் தெரியுமோ?"

"எனக்குத் தெரியாதோ? தோட்டம் செய்த குடும்பமப்பா நாங்கள்."

"உங்கடை குடும்பம் செய்தது. நீங்கள் செய்தனீங்களோ?"

நான் சிரித்துக்கொண்டு தண்டுகளை நறுக்கிப் பச்சை வாளிக்குள் கழிவோடு போட்டேன். சாப்பிடக்கூடியது குப்பைக்குப் போனது. குப்பைக்குப் போக வேண்டியது சட்டிக்குப் போனது. அம்மா வெங்காயம், பச்சை மிளகாய், தேங்காய்ப்பூ போட்டு வறை செய்தாள். வாசம் நன்றாகத்தான் இருந்தது.

நீங்கள் இரண்டு பேரும் தட்டில் பச்சை நிறம் கண்டால் ஓடுகிறவர்கள். சின்னவள் மேசைக்குக் கீழே போய்விட்டாள். பெரியவள் வயிற்றுக்குத்து என்றாள். அன்றைக்கு உங்கள் இரண்டு பேருக்கும் ஏசினேன். பிறகு நினைக்க நினைக்க, அந்த ஏச்சை நீங்கள் கேட்காமல் விட்டதற்காகக் கடவுளைக் கும்பிட்டேன்.

அம்மா வடிவாக, வயிறு நிறையச் சாப்பிட்டாள். நான் கை கழுவிக்கொண்டு வர அவள் முடித்துவிட்டாள். நான் ஒரு வாய் வைத்தேன். நாக்கைக் கடித்தது.

"கருணைக்கிழங்கு மாதிரிக் கடிக்குது. கொஞ்சம் புளி விட்டிருக்கலாம்," என்றேன்.

அப்போதும் எனக்குச் சந்தேகம் வரவில்லை. வாயில் கடித்துக்கொண்டிருக்கும்போதுகூட, குற்றம் சமையலில் என்றுதான் சொன்னேன்.

அரை மணித்தியாலத்தில், சாப்பிட்டதெல்லாம் வெளியே வர, அம்மா சத்தி எடுக்கத் தொடங்கினாள். உதடும் தொண்டையும் எரிகிறது என்றாள். பெரியவள் கைத்தொலைபேசியை எடுத்துக்கொண்டு வளவுக்கு ஓடி, செடியைப் படம் பிடித்துத் தேடினாள். திரும்பி வந்தபோது அவளுடைய முகம் வெளிறியிருந்தது.

"அப்பா, திஸ் இஸ் ருபார்ப். ஸ்டெம் சாப்பிடலாம். லீஃப் இஸ் பொய்சனஸ்!"

ஆஸ்பத்திரியில் மத்தியானம் முழுக்க இருந்தோம். அந்த அளவு சாப்பிட்டதற்கு உயிருக்குப் பயமில்லை, நிறையத் தண்ணீர் குடிக்கட்டும் என்று டொக்டர் சொன்னார். பிள்ளைகள் சாப்பிட்டார்களா என்று இரண்டு தரம் கேட்டார். இல்லை என்று இரண்டு தரமும் அம்மாதான் சொன்னாள்.

அடுத்த நாள் அம்மா ஒரே ஒரு வசனம் சொன்னாள். "உதைக் கிண்டி எறியுங்கோ."

நியாயமான பேச்சு. அடுத்த சனிக்கிழமை மண்வெட்டியை எடுத்துக்கொண்டு போனேன். ஆனால் அந்தக் கிழமைக்குள் வேறொன்றையும் கண்டிருந்தேன். பல்கனி வாளியிலிருந்து வளவுக்கு மாற்றிய என் வல்லாரை தழைத்து நிற்க, அவள் வேலையால் வரும்போது பிளாசாக் கடையில் ஒரு கட்டு வல்லாரை வாங்கி வந்தாள். நான் கொண்டுபோய்க் கொடுத்த வெந்தயக்கீரையை மணந்து பார்த்துவிட்டு, கழுவாமலே தொட்டிக்குப் பக்கத்தில் வைத்தாள். அது அங்கேயே வாடியது. அவள் சண்டை பிடிக்கவில்லை. சண்டை பிடித்திருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

மண்வெட்டியோடு நின்று யோசித்தேன். செடியைக் கிண்டினால் செடி போய்விடும். என் சொல் போன இடம் பள்ளமாகவே கிடக்கும். நான் வளர்த்த எதுவும் இனி அந்த அடுப்பில் ஏறாது. அதை மாற்ற வேண்டுமென்றால் வேறு செடியில் தொடங்கிப் பயனில்லை. அவளை வருத்திய இதே செடியில்தான் தொடங்க வேண்டும். மண்வெட்டியைத் திரும்பக் கொண்டுபோய் வைத்துவிட்டுக் குசினிக்குப் போனேன்.

"ஜூலை முதல் கிழமை மட்டும் தாரும். அதுக்குள்ளை உந்தத் தண்டிலை, தண்ணி கலந்து குடிக்கிற கோடியல் பாணி காய்ச்சுறன். நீரே விரும்பி ஒரு மிடறு குடிச்சால் செடி நிக்கட்டும். குடிக்காட்டி நானே கிண்டுறன்."

"விசரே உங்களுக்கு? ஒருக்காக் கொல்லப் பாத்தது காணாதோ?"

"தண்டு நல்லதாமப்பா."

"ஆர் சொன்னது?"

"பிள்ளை வாசிச்சுச் சொன்னவள்."

"அப்ப முதல்லையே பிள்ளையைக் கேட்டிருக்கலாமே," என்றாள். பிறகு விரலை நீட்டிச் சொன்னாள்: "நான் குடிக்கும் வரைக்கும் பிள்ளையளின்ரை வாயிலை ஒரு சொட்டுப் படக்கூடாது. சொல்லிப்போட்டன்."

ஜூலை என்று நான் சொன்னதற்குக் காரணம் உண்டு. அதற்குப் பிறகு தண்டு பிடுங்கினால் செடிக்கு அடுத்த வருடத்துக்குப் பலம் சேராதாம். பெரியவள் ஆங்கிலத்தில் வாசித்துச் சொல்லச் சொல்ல, நான் ஒவ்வொரு வரியையும் தமிழில் எழுதிக் குளிர்பெட்டியில் ஒட்டினேன். தண்டைக் கத்தியால் வெட்டாமல் அடியில் பிடித்துத் திருகி இழுக்க வேண்டும். பாதித் தண்டைச் செடியிலேயே விட வேண்டும். இலையை வளவிலேயே நறுக்கி எறிந்துவிட வேண்டும், வீட்டுக்குள் கொண்டுவரக் கூடாது. கடைசி வரி அதில் இல்லாதது. நானாகச் சேர்த்தேன்.

முதல் தரம், ஆட்கள் வந்தால் சோறு வடிக்கிற பெரிய அலுமினியச் சட்டியில் காய்ச்சினேன். தண்டு கரைந்து கூழாகியது. வடித்துவிட்டுப் பார்த்தால், வருடக்கணக்காகக் கறுத்துப்போயிருந்த சட்டியின் உட்பக்கம் பளபளவென்று கண்ணாடியாகியிருந்தது. சாற்றில் ஒரு சொட்டை நாக்கில் வைத்தேன். இரும்புத் திறப்பை நக்கியதுபோல இருந்தது. இந்தப் புளிப்புக்கு அலுமினியம் ஆகாது என்று பெரியவள் பிறகுதான் தேடிக் கண்டுபிடித்தாள்.

அம்மா சட்டிக்குள் எட்டிப் பார்த்தாள். "இலை என்ரை குடலைக் கழுவினது. தண்டு சட்டியைக் கழுவுது. குறை சொல்லேலாது, துப்புரவான செடி."

முழுவதையும் ஊற்றினேன். அடுத்த ஞாயிறு, துருப்பிடிக்காத எவர்சில்வர் சட்டியில் மறுபடியும் காய்ச்சினேன். இந்த முறை நிறம் வந்தது, சீனி கரைந்தது, தேசிக்காய்ச் சாறும் விட்டேன். சூட்டோடு போத்தலில் ஊற்றி மூடினேன். எங்கள் வீட்டில் எந்தப் போத்தலையும் எறிகிற வழக்கமில்லை என்பது உங்களுக்குத் தெரியும். கழுவி அடுக்கி வைத்திருந்ததில் வடிவான கண்ணாடிப் போத்தல் இரண்டைத் தேர்ந்தெடுத்தேன். இரண்டும் நல்லெண்ணெய்ப் போத்தல். மூன்று தரம் சவுக்காரம் போட்டுக் கழுவியிருந்தேன்.

நான் மறுபக்கம் திரும்பிய நேரம் பெரியவள் விரலைத் தொட்டு நக்கிவிட்டாள்.

"அப்பா, இட்ஸ் நொட் பேட். பட் தோசை மாதிரி இருக்கு."

மூடியில் எண்ணெய் வாசம் இருந்திருக்கிறது. சூடு பட்டதும் எழும்பிவிட்டது. அம்மா பெரியவளைக் கூப்பிட்டு வாய் கொப்பளிக்க வைத்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். நான் இரண்டு போத்தலையும் தொட்டிக்குள் கவிழ்த்தேன்.

அதற்குள் ஜூன் முடிகிற கட்டம். செடியில் பாதியை விட்டுவிட்டுப் பார்த்தால், இன்னும் ஒரு தரத்துக்குத்தான் தண்டு இருந்தது. ஒன்றையும் கண்மட்டத்தில் செய்வதில்லை என்று முடிவெடுத்தேன். தொழிற்சாலையில் ஒரு சட்டத்தை அறுக்குமுன் இரண்டு தரம் அளக்கிறவன், வீட்டில் மட்டும் ஏன் கைக்கு வந்தபடி செய்கிறேன் என்று எனக்கே வெட்கமாக இருந்தது. கடையில் மூன்று புதுப் போத்தல் வாங்கினேன். தண்டையும் சீனியையும் தராசில் நிறுத்தேன். வடிப்பதற்கு, கட்டாத வெள்ளை வேட்டி ஒன்றிலிருந்து ஒரு முழம் கிழித்தேன்.

"கோயிலுக்கு எண்டு வாங்கின வேட்டியப்பா அது!"

"கோயில் வேலைதான் இதுவும்."

"ஓமோம். ஆருக்கோ திவசம் வரப்போகுது," என்றாள். சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவள் சிரித்ததை நான் கண்டேன்.

காலையில் மெல்லிய நெருப்பில் கொதிக்க வைத்தேன். துணியில் ஊற்றித் தொட்டிக் குழாயில் கட்டித் தொங்கவிட்டேன். பிழியவில்லை. பிழிந்தால் கலங்கும் என்று தாளில் எழுதியிருந்தது. கை துருதுருத்தது. ஒரு கதிரையைப் போட்டு, கையைக் கட்டிக்கொண்டு இருந்தேன். சொட்டுச் சொட்டாகப் பின்னேரம் வரைக்கும் விழுந்தது. சின்னவள் பக்கத்தில் நின்று எண்ணினாள். நூற்றுக்கு மேலே எண்ணத் தெரியாமல் திரும்பத் திரும்ப ஒன்றிலிருந்து தொடங்கினாள். விழுந்த சாறு தெளிந்த இளஞ்சிவப்பு. சீனியும் தேசிக்காயும் சேர்த்து ஒரு கொதி காட்டி, மூன்று போத்தல் வந்தது.

அம்மாவிடம் கொண்டுபோய் நீட்டவில்லை. அன்றிலிருந்து ஒவ்வொரு நாளும் வேலைக்குப் போகுமுன் அவள் கண் முன்னால் நின்று, தண்ணீர் கலந்து ஒரு கிளாஸ் நான் குடித்தேன். நன்றாக இருக்கிறது என்றுகூடச் சொல்லவில்லை. என் வாய்ச்சொல்லால் வந்த வினைக்கு இன்னொரு வாய்ச்சொல் மருந்தாகாது. அவள் ஒவ்வொரு நாளும் வேலையிடத்திலிருந்து இடைவேளையில் தொலைபேசி எடுத்தாள். முதியோர் இல்லத்துச் சமையலறையில் அவளுக்குப் பத்து நிமிடம்தான் இடைவேளை.

"என்ன, ஒண்டுமில்லையோ?"

"ஒண்டுமில்லை."

"சரி," என்று வைத்துவிடுவாள்.

ஆறு நாள் இப்படிப் போனது. ஏழாம் நாள் நல்ல வெக்கை. அம்மா இரண்டு பஸ் மாறி வந்து, நெற்றி வியர்வையோடு கைப்பையைக்கூட வைக்காமல் குளிர்பெட்டியைத் திறந்தாள். நான் குசினி வாசலில் நின்றேன். மூன்றாவது போத்தலை எடுத்தாள். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். மூடியைத் திறந்து மணந்தாள். எவர்சில்வர் தம்ளரில் இரண்டு விரல் அளவு ஊற்றி, தண்ணீர் விட்டு, ஒரு கிள்ளு உப்புப் போட்டுக் கலக்கினாள். ஒரு மிடறு குடித்தாள். வாய்க்குள் வைத்திருந்து, பிறகு விழுங்கினாள். மிச்சத்தையும் குடித்தாள்.

"சீனி கூடிப்போச்சு," என்றாள்.

"ஓம், கொஞ்சம் கூடத்தான்."

"செடி நிக்கட்டும்." தம்ளரைக் கழுவிக் கவிழ்த்தாள். "ஆனா ஒண்டு சொல்லுறன் கேளுங்கோ. நான் அண்டைக்குச் சத்தி எடுத்தது எனக்குப் பெரிசில்லை. தெரியாததைத் தெரியுமெண்டு சொன்னியளே, அதுதான். பிள்ளையள் சாப்பிட்டிருந்தால்?"

நான் தலையை ஆட்டினேன். மன்னிப்பு என்ற சொல் எங்கள் இரண்டு பேருக்கும் பழக்கமில்லாதது. அன்றைக்குச் சொன்னேன். அவள் கத்தரிக்கோலை எடுத்தாள்.

"வாங்கோ. என்னென்ன நிக்குது எண்டு ஒவ்வொண்டாக் காட்டுங்கோ."

இரண்டு பேரும் வளவுக்குப் போனோம். வல்லாரை என்றேன், வெந்தயம் என்றேன், முள்ளங்கி என்றேன். ஒவ்வொன்றிலும் ஓர் இலையைக் கிள்ளி, விரலில் நசித்து மணந்து பார்த்தாள். சரியென்று பட்டதும் வெட்டி என் கையில் தந்தாள். தண்ணீர்க் குழாய்க்குப் பக்கத்தில், வெந்தயத்தைப் போலவே மூன்று இலையோடு ஏதோ ஒன்று தானாக முளைத்து நின்றது. அவள் குனிந்து கத்தரிக்கோலை அதன் தண்டில் வைத்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"இது எனக்குத் தெரியாதப்பா," என்றேன்.

அவள் கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு அடுத்த பாத்திக்கு நகர்ந்தாள். "அப்ப விடுங்கோ. உள்ளை போய்த் தேங்காய் ஒண்டு உடையுங்கோ, வல்லாரைக்குச் சம்பல் போடுவம்."