பண்டாரி ஸல்மீனும் பாதியில் நின்ற கொடியும்

பாரசீக வளைகுடாவின் கோங் துறையிலிருந்து பதினாலு பேரோடு கிளம்பும் கப்பலில் பதினாலாவது ஆள் பண்டாரிதான். சோறு பொங்குகிறவன். பாய் இழுக்கும்போது பாட்டுக்குக் குரல் கொடுக்க அவனை யாரும் கூப்பிட மாட்டார்கள். சோறு குழைந்துபோனால் மட்டும் பேர் சொல்லிக் கூப்பிடுவார்கள். ஸல்மீன் இருபத்திரண்டு வருஷம் அப்படிப் பதினாலாவது ஆளாக இருந்தான். அதில் அவனுக்குக் குறையொன்றும் இல்லை. ஆப்பிரிக்கக் கரை வரைக்கும் வருஷந்தோறும் போய்வந்தும் அவன் அதிகம் பார்த்தது அடுப்பைத்தான். மொம்பாஸா எப்படியிருந்தது என்று மனைவி நீம்தாஜ் கேட்டால், "வெங்காயம் சின்னது, காரம் ஜாஸ்தி" என்பான். அதோடு அந்த ஊரைப் பற்றிய பேச்சு முடிந்துவிடும்.

அந்த வருஷம் கப்பல் எட்டு மாதம் கழித்து, அலையாத்திக் கழிகளும் தேங்காயும் ஏற்றிக்கொண்டு திரும்பியது. ஊர் கண்ணுக்குத் தெரியும் தூரத்தில், விடிவதற்குச் சற்று முன் நங்கூரம் போட்டார்கள். வற்று நேரம். ஊருக்கும் தண்ணீருக்கும் நடுவே அரை மைல் சேறு. ஊர்க்காரர்களின் சிறு படகுகள் எல்லாம் அந்தச் சேற்றில் ஒருக்களித்துப் படுத்துக் கிடந்தன. கப்பலில் இருந்த ஒரே சிறு படகை ஸொக்கோத்ராத் தீவுப் பக்கத்தில் ஒரு அலை கேட்டு வாங்கிக்கொண்டு போயிருந்தது. நண்பகலில் தண்ணீர் ஏறிய பிறகுதான் கரைக்குப் போக முடியும்.

முந்தின நாள் மாலை கப்பல் தலைவர் நாகுதா ஹாதிம் அடுப்பருகே வந்து மேலே கை காட்டினார்.

"ஸல்மீன், கொடியப் பாத்தியா? ஒன் பொகையில கரித்துணி மாதிரி ஆயிருச்சு. இதக் கட்டிக்கிட்டு ஊருக்குள்ள போனா, எங்கம்மா என்னைய வீட்டுக்குள்ள விடமாட்டா. தொவச்சுக் கட்டு."

துவைத்தான். உப்புத் தண்ணீரில் ஒரு தரம், குடிதண்ணீரில் திருட்டுத்தனமாக ஒரு தரம். முதல் வெளிச்சத்தில் கயிற்றில் கட்டி ஏற்றினான். கொடி பாதிக் கம்பம் வரை ஏறியதும் கயிறு கப்பியில் சிக்கிக்கொண்டது. இரண்டு தரம் இழுத்துப் பார்த்தான். மூன்றாம் தரம் இழுக்கப்போகையில் உலை பொங்கி அடுப்பை அணைக்கும் சத்தம் கேட்டது. அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று கயிற்றை அங்கேயே முடிச்சுப் போட்டுவிட்டு ஓடினான். மறந்தே போனான்.

அந்தக் கரையில் பால்குடி மறக்காத பிள்ளைக்குக்கூடத் தெரியும் பாதிக் கொடிக்கு என்ன அர்த்தம் என்று. பயணத்தில் யாராவது இறந்தால் அங்கேயே கடலில் விட்டுவிடுவார்கள். மாதக்கணக்கில் கழித்துக் கப்பல் துறைக்கு வரும்போது, பாதியில் நிற்கும் கொடிதான் ஊருக்கு வரும் கடிதம். யார் வீட்டுக்கு என்று அதில் எழுதியிருக்காது.

கப்பலில் ஒருவரும் அண்ணாந்து பார்க்கவில்லை. எட்டு மாதமாக மனைவி முகம் பார்க்காத ஆண்கள் மேலே பார்த்துக்கொண்டா இருப்பார்கள்? ஒரே கண்ணாடியைப் பன்னிரண்டு பேர் பிடுங்கிக்கொண்டு தாடி திருத்தினார்கள். அத்தனை பேரும் பூசிய எண்ணெயில் தளம் வழுக்கி, மாலுமி தர்வீஷ் இரண்டு தரம் விழுந்து எழுந்தான். கரையிலிருந்து சத்தம் வந்தது. பெண்களின் குரல், மெல்லியதாக, விடாமல்.

"கேக்குதா, நம்ம பொம்பளைங்க குலவை போடுறாங்க" என்றான் தர்வீஷ்.

"வழக்கத்த விட ஜாஸ்தியா இருக்கேடா."

"எட்டு மாசம்ல. சேத்து வச்சுப் போடுறாங்க."

ஸல்மீனும் அகப்பையை நிறுத்திவிட்டுக் காது கொடுத்தான். அத்தனை குரலுக்குள்ளும் நீம்தாஜின் குரலைத் தேடி, கண்டுபிடித்தும்விட்டான். சிரித்துக்கொண்டான். பிற்பாடு எதை நினைத்துக்கொண்டாலும், அந்தச் சிரிப்பை நினைத்தபோதுதான் அவனுக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் போகும்.

வெயில் நன்றாக ஏறிய பிறகு, புதுத் தலைப்பாகையோடு வெளியே வந்த நாகுதா, வரவேற்புக்கான சின்னக் கொடிகளைக் கட்டுவதற்காக அண்ணாந்து பார்த்தார். அவர் முகத்தில் ரத்தமே இல்லை.

"இது எவ்வளவு நேரமா இப்படி நிக்குது?"

கரைச் சத்தம் என்ன சத்தம் என்று எல்லோருக்கும் அப்போது புரிந்தது. தர்வீஷ் கையிலிருந்த கண்ணாடியைக் கீழே வைத்தான்.

"கயித்துல கோளாறு. கப்பியில சிக்கித் தானா எறங்கியிருக்கு. நாசமாப் போற கயிறு" என்று நாகுதா தனக்குத் தானே பதில் சொல்லிக்கொண்டு, கம்பத்தில் ஆளை ஏற்றிச் சிக்கலை எடுத்தார். கொடி உச்சிக்குப் போனது, ஆனால் கரையில் அழுகை நிற்கவில்லை.

ஸல்மீன் நாலு முழத் தூரத்தில் நின்றான். வாயைத் திறந்து ஒரு சொல் சொன்னால் போதும். அவன் பானை மூடியைத் திறந்து சோறு வெந்துவிட்டதா என்று பார்த்தான்.

தண்ணீர் ஏறி, கப்பல் துறைக்குள் வந்தது. ஊரே கரையில் நின்றது. அந்தக் கரைப் பெண்கள் அணியும் முகமூடிக்குள் கண்கள் மட்டும் தெரிந்தன, எல்லாம் சிவந்து. ஒருவர் பின் ஒருவராக மாலுமிகள் இறங்க இறங்க, கூட்டம் வாய்க்குள் எண்ணியது. நாகுதா ஒன்று. சுக்கான்காரர் இரண்டு. இப்படிப் பதின்மூன்று. அதற்குப் பிறகு யாரும் இறங்கவில்லை. பெண்கள் மெல்ல நகர்ந்து நீம்தாஜைச் சுற்றி நின்றார்கள். இரண்டு பேர் அவளைத் தாங்கலாகப் பிடித்துக்கொண்டார்கள்.

அப்போது ஸல்மீன் தலையில் செப்புப் பானையோடு இறங்கினான். பண்டாரி எப்போதும் கடைசியில்தானே இறங்குவான்.

ஒரு குலவை இல்லை. ஒருவரும் வந்து தழுவவில்லை. நாகுதாவின் தாய் ஷம்ஸி தலையைத் திருப்பிக்கொண்டாள். எல்லோருக்கும் தெரிந்துவிட்டது, முடிச்சுப் போட்டது நான்தான் என்று தெரிந்துவிட்டது என ஸல்மீன் நினைத்தான். பானையைக் கீழே இறக்காமலே வீட்டுக்கு நடந்தான்.

வீட்டில் நீம்தாஜ் கைகளில் வளையல் இல்லை. கூடத்து ஓரத்தில் அடுத்த வீட்டு வட்டில்களில் அல்வா ஆறிக் கிடந்தது. அவன் கேட்கவில்லை, கேட்கத் தைரியம் வரவில்லை. இரவெல்லாம் புரண்டுவிட்டு, விடிந்ததும் ஒரு முடிவுக்கு வந்தான். பதின்மூன்று வீட்டுக்கும் போய்த் தன் வாயால் சொல்லிவிடுவது.

முதலில் நாகுதாவின் வீடு. ஷம்ஸி முற்றத்தில் இருந்தாள்.

"அம்மா, அந்தக் கொடி..." என்று தொடங்கினான்.

"கொடியப் பத்திப் பேசாதப்பா" என்று அவசரமாக எழுந்தவள் ஒரு கோழியைப் பிடித்து அவன் கையில் திணித்தாள். "எடுத்துட்டுப் போ. முட்டை நல்லா விடும். மனசுல ஒண்ணும் வச்சுக்காத."

சுக்கான்காரர் வீட்டில் ஒரு கூடை பேரீச்சம்பழம். அடுத்த வீட்டில் ஒரு ஜாடி மீன்சாறு. அதற்கடுத்த வீட்டில், கதவைத் திறந்த பெண் அவனைப் பார்த்ததும் அழுதுவிட்டு ஒரு லுங்கியைக் கொடுத்தாள். ஒருவரும் அவனைப் பேச விடவில்லை. ஒருவரும் அவன் கண்ணைப் பார்க்கவில்லை. ஒன்பதாவது வீட்டில் கொடுத்த ஆட்டுக்குட்டி அவனை நடக்க விடாமல் இழுத்தது. தப்புச் செய்தவனுக்கு ஊர் சீர் செய்வதை அவன் எந்தத் துறையிலும் பார்த்ததில்லை. சந்தைக்காரன் போலச் சுமந்துகொண்டு வீட்டுக்குத் திரும்பினான்.

நீம்தாஜ் எல்லாவற்றையும் பார்த்தாள். கோழியை வாங்கிக் கூடைக்கடியில் விட்டாள்.

"ஏன் குடுக்குறாங்கன்னு தெரியுதா ஒங்களுக்கு?"

"தெரியல."

"கொடியப் பாத்ததும் பதினாலு வீட்டுலயும் பொம்பளைங்க கரைக்கு ஓடினோம். கொஞ்ச நேரம் அழுதாங்க. அப்புறம் ஷம்ஸியம்மா கை ரெண்டையும் தூக்கி, யா அல்லா, அது பண்டாரியா இருக்கட்டும்னாங்க. நான் பக்கத்துலதான் நிக்கிறேன். சுக்கான்காரர் பொண்டாட்டி ஆமீன்னா. அப்படியே ஒவ்வொருத்தரா. பத்து மணிக்கெல்லாம் நீங்கதான்னு ஊரே முடிவு பண்ணிருச்சு. எழவுக்குன்னு அல்வாக் கிண்டி வீட்டுக்கே அனுப்பிட்டாங்க. வளையல உடைக்க வந்தாங்க, நானே கழட்டிட்டேன்."

ஸல்மீன் உட்கார்ந்தான். முகம் சுட்டது. தன்னைச் சாகச் சொன்னார்கள் என்பதைவிட, அதற்காக வெட்கப்பட்டு அவர்கள் கொடுத்ததையெல்லாம் தன் தப்புக்கு மன்னிப்பு என்று வாங்கி மடியில் கட்டிக்கொண்டு வந்திருக்கிறோமே என்பதுதான் சுட்டது.

"நானும் ஒண்ணும் சுத்தமில்ல" என்றாள் நீம்தாஜ், கோழியைப் பார்த்தபடி. "தர்வீஷா இருக்கட்டும்னு வேண்டினேன். அவனுக்குப் பொண்டாட்டி புள்ள இல்ல, அம்மா மட்டுந்தானேன்னு. அந்தம்மா அந்நேரம் சேத்துல ஓடிக்கிட்டிருந்தாங்க."

தர்வீஷின் தாய் குல்பரி கொடியைப் பார்த்த மாத்திரத்தில் கப்பலுக்கு நடந்தே போய்விடுவது என்று சேற்றில் இறங்கியவள். அரை மைல் சேற்றைக் கடந்து, இடுப்பளவுத் தண்ணீரில் ஒரு திருக்கையை மிதித்துவிட்டாள். அது குதிகாலில் முள்ளை இறக்கிவிட்டது. குல்பரியின் வாயைப் பற்றித் தெரிந்தவர்கள், பாவம் அந்தத் திருக்கைக்கு என்ன ஆயிற்றோ என்றார்கள். ஆனால் கால் தர்பூசணி போல வீங்கியிருந்தது.

ஸல்மீன் போகாத வீடு அது ஒன்றுதான் என்று சொல்ல முடியாது. நாலு வீடு பாக்கி இருந்தது. ஆனால் அந்த வீட்டுக்குத்தான் முதலில் போயிருக்க வேண்டும். போனான். குல்பரி காலை வெந்நீர்ச் சட்டியில் விட்டுக்கொண்டு இருந்தாள். அவளிடம் கோழியும் இல்லை, குழைவும் இல்லை.

"வாடா பண்டாரி. கப்பியாம்ல, கப்பி. கயிறு தானா எறங்குச்சாம்ல. தானா எறங்குற கயிறு அடி வரைக்கும்ல வரும்? நடுவுல நிக்கிதுன்னா எவனோ முடிச்சுப் போட்டிருக்கான். அவன் கை எனக்குக் கெடச்சா..."

"நாந்தான்க்கா."

அவள் நிமிர்ந்து பார்த்தாள். ஸல்மீன் உலை பொங்கியதிலிருந்து பானை மூடியைத் திறந்தது வரை எல்லாவற்றையும் சொன்னான். சொல்லி முடித்ததும் அவள் மரச்செருப்பை எடுத்து வீசினாள். அது அவனைத் தாண்டிப் போய்ச் சுவரில் விழுந்தது.

"கிட்ட வா. கை எட்டல."

அவன் கிட்டே போனான். இரண்டாவது செருப்பு தோளில் விழுந்தது.

"எங்கிட்ட மட்டும் சொன்னா ஆச்சா? பதினாலு வீடும் அழுதுச்சு. வெள்ளிக்கிழம பள்ளிவாசல்ல எந்திரிச்சு நின்னு சொல்லு."

"சொல்றேன்க்கா. நீங்க ஒருத்தராவது என் பேரச் சொல்லி வேண்டாம..."

"அந்தப் பேச்செல்லாம் வேணாம். வேண்ட எனக்கு நேரமில்ல, ஓடிக்கிட்டிருந்தேன். உக்காந்திருந்தா நானும் ஒன் பேரத்தான் சொல்லியிருப்பேன்."

வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்ததும் ஸல்மீன் எழுந்து நின்றான். கொடியைத் துவைத்ததும் கட்டியதும் தானே என்றான். கயிறு சிக்கியதும், முடிச்சுப் போட்டு விட்டுவிட்டு ஓடியதும், நாகுதா கேட்டபோது வாயை மூடிக்கொண்டிருந்ததும் தான்தான் என்றான். "அன்னைக்கு நீங்க அழுத ஒவ்வொரு சொட்டும் என் தலையில" என்று முடித்தான்.

நாகுதா ஹாதிம் எழுந்து வந்தார். கண் கலங்கியிருந்தது.

"ஸல்மீன், ஒக்காரு. எங்க வீட்டுப் பொம்பளைங்க பண்ணின காரியம் எங்களுக்குத் தெரியும். எங்க மானத்த மறைக்க நீ பழியத் தூக்கித் தலையில வச்சுக்கணுமா? கயிறு கப்பியில சிக்குனத நானே கண்ணால பாத்தேன்."

"இல்ல நாகுதா, சத்தியமா..."

"சத்தியம் பண்ணாத" என்றார் முல்லா அக்கீல், பதறிப்போய். "நல்லதுக்குச் சொன்னாலும் பொய்ச் சத்தியம் பாவம்."

ஆளுக்கு ஆள் வந்து அவனைத் தழுவினார்கள். இன்னும் இரண்டு தரம் சொல்லிப் பார்த்தான். சொல்லச் சொல்ல அவர்கள் அழுகைதான் கூடியது. அவர்கள் தெளித்த பன்னீரின் வாசனையோடு பள்ளிவாசலை விட்டு வெளியே வந்தவன், நேராகக் குல்பரி வீட்டுக்குப் போனான்.

"யாரும் நம்பல அக்கா."

"நம்ப மாட்டாங்க. நம்பினா ஒன்ன வைய வேண்டி வரும். வஞ்சா, என்னையச் சாகச் சொன்னீங்களேன்னு நீ திருப்பிக் கேட்டுட்டா? அதுக்கு எவங்கிட்ட பதில் இருக்கு?" குல்பரி காலை நீட்டிப் பார்த்துக்கொண்டாள். அது இனி முழுசாக ஊன்றாது என்று வைத்தியன் சொல்லிவிட்டுப் போயிருந்தான். "பானையில தண்ணி இல்ல. போய் எடுத்துட்டு வா."

மழைத் தண்ணீர் சேரும் தொட்டி ஊருக்கு வெளியே, ஒரு குவிமாடத்துக்குக் கீழே இருந்தது. ஸல்மீன் போய்க் கொண்டுவந்தான். மறுநாளும். அதற்கு மறுநாளும். கரையில் இருக்கும் நாலு மாதமும் தினம் காலையில் அவன் போனான். அவன் கடலில் இருக்கும் எட்டு மாதமும், யாரும் சொல்லாமலே, நீம்தாஜ் போனாள். ஏன் என்று குல்பரி அவளைக் கேட்கவில்லை. கேட்டுவிடுவாளோ என்று பயந்தே நீம்தாஜ் அந்த எட்டு மாதங்களையும் கழித்தாள்.

கப்பலில் நாகுதா அவனைத் தன் வட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார வைத்தார். தெருவில் அவன் வந்தால் ஆட்கள் எழுந்தார்கள். கல்யாண வீட்டில் முல்லாவுக்கு அடுத்த இடம் அவனுக்கு. ஒவ்வொரு தரம் யாராவது எழுந்து நிற்கும்போதும் ஸல்மீன் கூனிக் குறுகி, சுவரோரமாகப் போய்விடுவான். என்ன அடக்கம் பாருங்கள் என்று அதற்கும் சேர்த்து எழுந்தார்கள்.

ஏழாவது வருஷம் ஒரு காலையில், குல்பரி வாசலில் அவனைப் பிடி பிடியென்று பிடித்துக்கொண்டிருந்தாள். தண்ணீரில் தூசி கிடந்ததாம். வரும் வழியில் அரைக் குடம் சிந்திவிட்டதாம். கொடி கட்டத் தெரியாதவனுக்குக் குடம் தூக்க மட்டும் தெரியுமா என்றாள். அந்த வழியாகப் போன ஷம்ஸி நின்றுவிட்டாள்.

"குல்பரி, வாய அடக்கு. ஊரே எந்திரிச்சு நிக்கிற மனுஷன். அவரப் போயி இப்படியா பேசுவ?"

"ஊரு நிக்கட்டும்" என்றாள் குல்பரி. "இவன் யாருன்னு எனக்குத் தெரியும். டேய், என்ன பாக்குற? இன்னொரு குடம்."

ஸல்மீன் குடத்தை எடுத்துக்கொண்டு கிளம்பினான். தெருவின் நடுவிலேயே நடந்தான்.