அம்மாவுக்குக் கட்டிய கயிறு

கிள்ளானில் இருக்கும் என் நாத்தனார் மாலதி வீட்டுக்குப் போனால், என் ஏழு வயது மகள் என்னை மறந்துவிடுவாள். இருவரும் சோபாவில் ஒட்டிக்கொண்டு ஜப்பானியப் பேய்க் கார்ட்டூன் படங்கள் பார்ப்பார்கள். பாழடைந்த கோட்டை, மெழுகுவர்த்தி, ரத்தம் குடிக்கும் சீமாட்டி. நான் கதவருகே நின்று அவர்கள் சிரிப்பைக் கேட்டுக்கொண்டிருப்பேன். என்னோடு அவள் அப்படிச் சிரித்ததே இல்லை.

பொறாமையில் ஒரு பொய் சொன்னேன். "பிள்ளை தூக்கத்துல அலறுறா. இனி அங்க அனுப்ப வேணாம்."

கணவர் நம்பிவிட்டார். "கோயில்ல கயிறு கட்டிட்டு வா" என்றார். மாலதி போனில் அழுதாள். "சாரி அண்ணி, பயப்படுவான்னு தெரியல லா."

கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸ் கோயிலில் பூசாரி மகளிடம் கேட்டார், "எதைப் பார்த்தும்மா பயந்த?"

"நான் பயப்படல, அங்கிள். அந்தப் பேய் பாவம். படத்துல அது மூஞ்சியக் காட்டவே மாட்டாங்க, படியில நிழல் மட்டும் நீளமா வரும். உள்ள எல்லாரும் சிரிப்பாங்க, அது வெளியவே நிக்கும்."

"அப்ப யாருதான் பயந்தது?"

"அம்மாதான். கதவுகிட்டயே நிப்பாங்க, உள்ள வரவே மாட்டாங்க."

பூசாரி சிரித்துக்கொண்டே கயிற்றை என் கையில் கட்டினார்.

கோயில் வாசலிலிருந்தே மாலதியை அழைத்து உண்மையைச் சொன்னேன். "சனிக்கிழமை நீங்களும் வந்து உட்காருங்க, அண்ணி" என்றாள்.

இப்போது சோபாவில் மூன்று பேர். மகள் இன்னும் அத்தை பக்கம்தான் சாய்கிறாள். எனக்கு இன்னும் வலிக்கத்தான் செய்கிறது. படியில் அந்த நிழல் நீளும்போது, நான்தான் அவள் கையைப் பிடித்துக்கொள்கிறேன்.